கயிறு ஈரமாக இருந்தது

சிம்மோர் பக்கம், பழைய ரப்பர் தோட்டம் ஒன்றில் லயத்து வீடுகளுக்குப் பின்னால் ஒரு கிணறு. அதன் குறுக்குக் கட்டையில் கயிறு ஓடி ஓடி விரல் ஆழத்துக்குப் பள்ளம் விழுந்திருந்தது. காலை பத்து மணி இருக்கும். மாஜிஸ்திரேட், இரு தரப்பு லாயர்கள், இரண்டு போலீஸ்காரர்கள், பக்கத்தில் நான்.

நிலத்தை வாங்கியவர்களின் லாயர் கேட்டார்: "இந்தக் கிணற்றில் கடைசியாக எப்போது தண்ணீர் எடுத்தீர்கள்?"

நான் தமிழில் கேட்டேன். சாட்சி சொல்ல வந்த லயத்துப் பாட்டி என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"இன்னிக்குக் காலையிலதான் தம்பி. குழாய அடைச்சிட்டாங்க. பின்ன சோறு எதுல பொங்கறது?"

அதை நான் மலாயில் சொல்லி முடிப்பதற்குள் மாஜிஸ்திரேட் குனிந்து கயிற்றைத் தொட்டுப் பார்த்தார். ஈரமாக இருந்தது. கையைத் துடைத்துக்கொள்ளாமலே குறிப்பேட்டில் ஒரு வரி எழுதினார். அந்த ஒரு வரிக்காகத்தான் நாங்கள் ஈப்போவிலிருந்து கிளம்பி வந்திருந்தோம்.

நான் மலேசிய நீதிமன்றத்தில் தமிழ் மொழிபெயர்ப்பாளனாக இருந்து ஓய்வு பெற்றவன். எங்களை ஜுருபாசா என்பார்கள். சாட்சிக் கூண்டுக்குப் பக்கத்தில் நின்று, வந்தவருக்கு உறுதிமொழி சொல்லிக் கொடுத்து, கேள்வியைத் தமிழிலும் பதிலைக் கோர்ட்டின் மொழியிலும் மாற்றிச் சொல்வது எங்கள் வேலை. நான் சேர்ந்த 80-களில் கோர்ட்டில் ஆங்கிலமே அதிகம். 1990-இல் தேசிய மொழிச் சட்டம் திருத்தப்பட்ட பிறகு எல்லாம் மலாய்க்கு மாறியது. எனக்குச் சொல்ல வேண்டியிருந்த தமிழ் மட்டும் மாறவே இல்லை. அது தோட்டத்துத் தமிழ். நானும் லயத்தில் பிறந்தவன்தான். அப்பா பால் வெட்டினார். அம்மா ஒட்டுப்பால் பொறுக்கினார். விடியுமுன் பெரட்டுக்கு, அதாவது ஆள் கணக்கெடுப்புக்கு, கூப்பிடும் மணியோசை இன்றும் என் தூக்கத்தில் கேட்கிறது.

கொலை வழக்கு, கஞ்சா வழக்கு எல்லாவற்றுக்கும் நின்றிருக்கிறேன். ஆனால் என்னை வீடு வரைக்கும் துரத்தி வந்தவை நிலத் தகராறுகள்தான். அவை பெரும்பாலும் நிலத் தகராறு என்ற பெயரில் வருவதில்லை. அத்துமீறி நுழைந்தார் என்று 447, வேலியைப் பிடுங்கினார் என்று 427, வெட்டுவேன் என்று மிரட்டினார் என்று 506. தண்டனைச் சட்டப் பிரிவு எண்கள்தான் வேறு வேறு. விசாரித்துக்கொண்டே போனால் அடியில் ஒரு துண்டு நிலம் கிடக்கும்: கீரைப் பாத்தி, மாட்டுக்கொட்டகை, கோயிலுக்குப் போகும் வழி.

அடிதடி ஆகுமுன்பே பிடித்து நிறுத்த எங்கள் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் ஒரு பிரிவு இருக்கிறது, 99. தமிழ்நாட்டு உறவினர்களிடம் 145 என்று சொன்னால் உடனே விளங்கிக்கொள்வார்கள். இரண்டும் ஒரே வேரில் முளைத்தவை. இந்தியாவில் 1898-ஆம் ஆண்டுச் சட்டத்திலும் 1973-ஆம் ஆண்டுச் சட்டத்திலும் அது 145-ஆகவே இருந்தது. 2024 ஜூலை 1 முதல் புதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 164 ஆகியிருக்கிறது. அங்கே ஆர்.டி.ஓ. போன்ற வருவாய்த்துறை அதிகாரிகள் நிர்வாக மாஜிஸ்திரேட்டாக உட்கார்ந்து இதை விசாரிப்பார்கள். இங்கே கோர்ட் மாஜிஸ்திரேட்டே விசாரிக்கிறார்.

நடைமுறை இதுதான். ஒரு நிலத்தைப் பற்றியோ தண்ணீரைப் பற்றியோ எல்லையைப் பற்றியோ தகராறு இருக்கிறது, அது அமைதியைக் கெடுக்கும் என்று போலீஸ் ரிப்போர்ட்டோ வேறு தகவலோ மாஜிஸ்திரேட்டுக்கு வர வேண்டும். அவருக்கு அது மெய்யென்று பட்டால் காரணத்தை எழுதி இரு தரப்பையும் வரச் சொல்வார். நிலம் யார் வசம் இருக்கிறது என்பதை மட்டும் எழுத்தில் கொடுக்கச் சொல்வார். கிராண்ட் என்ற நிலப் பட்டா யார் பேரில், யார் வாங்கினார், யார் பாட்டன் காட்டை வெட்டினார் என்பதற்குள் அவர் போகமாட்டார். உத்தரவு போட்ட நாளில் உண்மையில் யார் கையில் இருந்தது? அவ்வளவுதான் கேள்வி.

இதற்கு ஒரு விலக்கு உண்டு. உத்தரவுக்கு முந்தைய இரண்டு மாதத்துக்குள் ஒருவரைப் பலவந்தமாக வெளியேற்றியிருந்தால், அவர் இன்னும் உள்ளேயே இருப்பதாக வைத்து மாஜிஸ்திரேட் பார்க்கலாம். யார் வசம் என்று கண்டுபிடித்துவிட்டால், சட்டப்படி வெளியேற்றப்படும்வரை அவரே வைத்திருக்கட்டும், யாரும் தொந்தரவு செய்யக்கூடாது என்று உத்தரவு. கண்டுபிடிக்க முடியாவிட்டால், சிவில் கோர்ட் தீர்க்கும்வரை நிலத்தைக் கோர்ட்டே தன் பிடியில் வைத்துக்கொள்ளும்.

படிக்கும்போது எளிது. தோட்டத்துக்காரர்கள் வாயில் இது நுழையாது. "உங்கள் வசத்தில் இருந்ததா?" என்று கேட்டால், "எங்க தாத்தா காலத்துல இருந்து" என்பார்கள். கோர்ட் கேட்பது ஒரு தேதி. அவர்கள் கொண்டு வந்திருப்பது மூன்று தலைமுறைக் கதை. அந்த இரண்டுக்கும் நடுவில் நின்றுகொண்டுதான் நான் சம்பளம் வாங்கினேன்.

அந்தக் கதையில் பொய் இல்லை. பேராக்கின் தோட்டங்களில் 50-களிலேயே துண்டாடல் தொடங்கிவிட்டது. வெள்ளைக்காரக் கம்பெனிகள் விற்க, வாங்கியவர்கள் துண்டு போட்டு மறுபடி விற்றார்கள். அப்போது பேராசிரியர் உங்கு அசீஸ் அதை ஆராய்ந்து அறிக்கை எழுதினார். சுங்கை சிப்புட்டில் பிறந்த துன் சம்பந்தன், தொழிலாளர்களே சேமித்துத் தோட்டம் வாங்கட்டும் என்று 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். பிறகு தேசிய நிலச் சட்டத்தில் 214ஏ என்ற பிரிவு வந்து, 40 ஹெக்டேருக்குக் குறையாத தோட்ட நிலத்தைக் கைமாற்ற தோட்ட நில வாரியத்தின் அனுமதி வேண்டும் என்றது. ஆனாலும் ரப்பர் போய் செம்பனை வந்தது. செம்பனை போய் வீடமைப்புத் திட்டம் வந்தது. லயத்தில் இருந்தவர்களுக்கு விற்பனைச் செய்தி பெரும்பாலும் அறிவிப்புப் பலகை நட்ட அன்றுதான் தெரியும்.

லயத்து வீடு வேலையோடு ஒட்டிய வீடு. வேலை போனால் வீட்டில் இருக்கும் உரிமையும் போகிறது. ஐந்து வருடத்துக்கு மேல் வேலை செய்தவருக்கு வருடத்துக்கு 20 நாள் கூலி நஷ்டஈடு என்கின்றன 1980-ஆம் ஆண்டு விதிகள். முப்பது வருடம் பால் வெட்டினால் 600 நாள் கூலி. அதைக் கையில் வைத்துக்கொண்டு ஈப்போவில் எந்த வீட்டை வாங்குவது? ஆகவே அங்கேயே இருப்பார்கள். கம்பெனியும் சில காலம் கண்டுகொள்ளாமல் விடும். புதிய உடைமையாளர் வந்ததும் குத்தகைக்காரர் ஆள் அனுப்புவார். செயின்சா சத்தம் கேட்கும். பெண்கள் பாதையில் உட்காருவார்கள். இளைஞர்கள் கையில் கட்டை எடுப்பார்கள்.

கிந்தா பள்ளத்தாக்கில் இதற்கு இன்னொரு வடிவம் உண்டு. ஈயம் தோண்டி விட்டுப்போன மணல் நிலத்தில் காய்கறி போட்டவர்கள், கோழி வளர்த்தவர்கள் டி.ஓ.எல். வைத்திருப்பார்கள். தற்காலிக அனுமதி அது. ஒவ்வொரு வருடமும் டிசம்பர் 31-ஆம் தேதியோடு செத்துப்போகும். மறுபடி கட்டினால்தான் உயிர். அப்பா இறந்தால் பிள்ளைக்குத் தானாக வராது. எத்தனையோ குடும்பங்கள் இருபது வருட ரசீதுகளை ஒரு பிஸ்கட் டின்னில் கட்டி வைத்துக்கொண்டு, அதையே கிராண்ட் போல நம்பியிருந்தன.

அப்படி ஒரு டின்னோடு வந்தவரால்தான் நான் என் வேலையைக் கற்றுக்கொண்டேன். அதுவும் நான் செய்த ஒரு தவறின் மூலம்.

வேலைக்குச் சேர்ந்த சில வருடங்களில் நடந்தது. பழைய ஈய நிலத்தில் பக்கத்துப் பக்கத்துத் தோட்டக்காரர்கள் இருவருக்கு எல்லைத் தகராறு. பாராங் கத்தியை ஓங்கும் அளவுக்குப் போய், போலீஸ் தலையிட்டு விஷயம் மாஜிஸ்திரேட்டிடம் வந்தது. மாஜிஸ்திரேட் ஆங்கிலத்தில் உத்தரவைப் படித்தார்: சட்டப்படி வெளியேற்றப்படும்வரை இந்தத் துண்டு முதல் தரப்பின் வசத்தில் இருக்கும். அன்று பட்டியலில் இன்னும் பதினைந்து வழக்குகள். நான் அவசரத்தில் அதைச் சுருக்கிச் சொன்னேன்: "நிலம் உங்க அனுபவத்துல இருக்கலாம்னு கோர்ட் சொல்லிடுச்சு."

சொல்லில் பிழையில்லை. நிலத்தை வைத்து ஆளுவதைத் தமிழில் அனுபவம் என்றும் அனுபோகம் என்றும்தான் சொல்வோம். ஆனால் அவர் காதில் விழுந்தது வேறு. நிலம் உனக்கு என்று விழுந்தது. ஊருக்குப் போய் முனியாண்டிக்குக் கிடா வெட்டினார். அடுத்த வாரம், கோர்ட் பேசவே பேசாத அடுத்த துண்டில் இருந்த எதிராளியின் கொய்யா மரங்களை வெட்டிச் சாய்த்தார். எதிராளியின் மகன் பாராங்கோடு வந்தான். தடுக்கப் போன இவருடைய மனைவிக்கு உள்ளங்கை கிழிந்தது.

அந்த வழக்கும் அதே கோர்ட்டுக்கு வந்தது. குற்றவாளிக் கூண்டில் அவர். பக்கத்தில் நான். குற்றச்சாட்டைத் தமிழில் படித்துக் காட்டினேன். அவர் மாஜிஸ்திரேட்டைப் பார்க்கவே இல்லை. என்னைப் பார்த்துச் சொன்னார்: "நீங்கதானே அய்யா, நெலம் எனக்குன்னு சொன்னீங்க."

அதையும் நான் மொழிபெயர்க்க வேண்டியிருந்தது. மொழிபெயர்த்தேன்.

அதற்குப் பிறகு எந்த உத்தரவையும் ஒரே வாக்கியத்தில் சொல்லி அனுப்பியதில்லை. முதலில் மாஜிஸ்திரேட்டிடம் அனுமதி கேட்பேன்: "துவான், உத்தரவில் என்ன இருக்கிறது, என்ன இல்லை என்று இரண்டையும் விளக்கலாமா?" வேண்டாம் என்று ஒருவர்கூடச் சொன்னதில்லை. அப்படிக் கேட்பவர்கள்தான் அரிது.

சொற்களைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். தோட்டத்துச் சாட்சி வாயைத் திறந்தால் "நம்ம தோட்டம்" என்பார். ஆங்கிலத்தில் அதைச் சொன்னதும் எதிர்த் தரப்பு லாயர் எழுந்து, "பார்த்தீர்களா, தோட்டமே தன்னுடையது என்கிறார்" என்பார். தமிழில் நாம் வேறு, நாங்கள் வேறு. "நம்ம தோட்டம்" என்பதில் துரையும் கிராணியும் கேட்டுக்கொண்டிருக்கும் லாயரும்கூட அடக்கம். அது சொந்தம் கொண்டாடும் பேச்சல்ல. நானும் இந்த இடத்து ஆள் என்று சொல்லும் பேச்சு. ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே சொல்தான். மலாயில் நம்மைப் போலவே கித்தா, காமி என்று இரண்டு உண்டு. கோர்ட் மலாய்க்கு மாறியபோது பலர் சிரமப்பட்டார்கள். எனக்கு இந்த ஒரு விஷயத்தில் பெரும் ஆறுதல். "லாடாங் கித்தா" என்று சொன்னேன், மலாய்க்கார மாஜிஸ்திரேட் தலையை ஆட்டினார். அவருக்கு விளக்கம் தேவைப்படவில்லை.

இதையெல்லாம் சொல்வதால் சட்டம் குடியிருப்பவர் பக்கம் என்று யாரும் எண்ணிவிடக்கூடாது. பேராக்கின் குனோங் செமாங்கோல் நிலத்தில் குடியேறியவர்கள் மாநில அரசை எதிர்த்துப் போட்ட சிடேக் வழக்கில், ஆக்கிரமித்தவருக்குச் சட்டத்திலும் இடமில்லை, நியாய நெறியிலும் இடமில்லை என்று கூட்டரசு நீதிமன்றம் முடிவு செய்தது. 1982-இல் சட்ட அறிக்கையில் வந்த தீர்ப்பு அது. மனுதாரர் பட்டியலில் சிடேக்கோடு இன்னும் 461 பேர். பிறகு நான் பார்த்த ஒவ்வொரு வெளியேற்ற வழக்கிலும் அந்தப் பெயர் காதில் விழுந்தது.

தமிழ்நாட்டுப் பேச்சைக் கேட்டு இங்கே பலர் மோசம் போயிருக்கிறார்கள். "பன்னெண்டு வருஷம் இருந்தா நமக்குத்தான்" என்பார்கள். அங்கே தனியார் நிலத்தில் எதிரிடை அனுபவம் என்று அதற்கு ஒரு வழி இருக்கிறது. இங்கே இல்லை. தேசிய நிலச் சட்டம் 48-ஆம் பிரிவில் அரசு நிலத்துக்கும் 341-ஆம் பிரிவில் தனியார் நிலத்துக்கும் அந்தக் கதவை அடைத்துவிட்டது. எத்தனை வருடம் இருந்தாலும் கிராண்டில் பெயர் இருப்பவரின் வழக்கு தடைபடாது. அவர் உயர் நீதிமன்றத்தில் 89-ஆம் கட்டளையின் கீழ் வழக்குப் போட்டால், சாட்சிகளை நிறுத்தி நீண்ட விசாரணை நடத்தாமலே, குடியிருப்பவர்களின் பெயர்கூடத் தெரியாமல், கதவில் ஒட்டிய தாளை வைத்தே உத்தரவு வாங்க முடியும். அந்தத் தாளைப் படிக்கத் தெரியாமல் கிழித்துப் போட்டவர்களை எனக்குத் தெரியும்.

அப்படியானால் 99-ஆம் பிரிவால் என்ன பயன்? கைகலப்பு நடக்கவேண்டிய இடத்தில் ஒரு நாற்காலியும் ஒரு மேசையும் போடுகிறது. உடைமையாளர் ஜெயிக்கக்கூடும். ஆனால் ஆட்களையும் கட்டையையும் கொண்டுவந்து ஜெயிக்க முடியாது. குடியிருப்பவர் போகவேண்டி வரலாம். ஆனால் இரவோடு இரவாக இல்லை. நடுவில் கிடைக்கும் மாதங்களில் பேச முடியும், நஷ்டஈடு கேட்க முடியும், மாற்று வீடு கேட்க முடியும். சுங்கை சிப்புட்டில் மக்கள் போராட்டங்களில் நின்ற டாக்டர் ஜெயக்குமாரும் அவருடைய தோழர்களும் தோட்ட மக்களோடு உட்கார்ந்து பேசிப் பேசி அந்த மாதங்களை எப்படிப் பயன்படுத்தலாம் என்று காட்டினார்கள்.

நாற்காலியும் மேசையும் போட்டும் உத்தரவு மக்களிடம் போய்ச் சேராதபோது என்ன ஆகும் என்பதை நாடே பார்த்தது. சிலாங்கூரில் பழைய சீபீல்டு தோட்டத்து மாரியம்மன் கோயில் விவகாரம் பல வருடம் கோர்ட்டில் இருந்தது. 2014-இல் ஷா ஆலாம் உயர் நீதிமன்றத்தில் சமரசத் தீர்ப்பும் பதிவானது. ஆனால் கோயிலில் விளக்கேற்றுகிறவர்களில் பலரின் மனதுக்குள் அந்தத் தாள் போய்ச் சேரவே இல்லை. 2018 நவம்பர் 26 விடியற்காலையில் ஓர் ஆள்கூட்டம் கோயிலுக்குள் புகுந்தது. அந்த இரண்டு நாள் கலவரத்தில் வாகனங்கள் எரிந்தன. உதவிக்கு வந்த தீயணைப்பு வீரர் முகமட் அடிப் காயப்பட்டு, டிசம்பர் 17-ஆம் தேதி இறந்தார். செய்தியைப் பார்த்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. கொய்யா மரங்களை வெட்டியவர் நினைவுக்கு வந்தார். மக்களுக்கு விளங்காத உத்தரவு அமைதியைக் காப்பாற்றாது. அன்று ஒரு பெண்ணின் உள்ளங்கையில் கற்றதை, முப்பது வருடம் கழித்து ஓர் இளைஞனின் சாவில் மறுபடி பார்த்தேன்.

ஓய்வு பெற்ற பிறகும் புந்தோங்கில் என் வீட்டுக்கு ஆட்கள் வருகிறார்கள். நான் லாயர் அல்ல, சட்ட ஆலோசனை சொல்லமாட்டேன். நான் பார்த்ததைச் சொல்வேன். வேலியைப் பிடுங்கினால் அன்றே போலீசில் ரிப்போர்ட் கொடுங்கள். தலைவர் வரட்டும், கட்சிக்காரர் பேசட்டும், தீபாவளி கழியட்டும் என்று காத்திருந்தால் அந்த இரண்டு மாதம் ஓடிவிடும். தேதி தெரியும்படி படம் எடுங்கள். தண்ணீர் ரசீது, மின்சார ரசீது, பிள்ளையின் பள்ளிக்கூட அட்டை, எதிலெல்லாம் அந்த விலாசம் இருக்கிறதோ அதையெல்லாம் சேர்த்து வையுங்கள். கதவில் தாள் ஒட்டினால் கிழிக்காமல் வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்துக்கு எடுத்துப் போங்கள். கூண்டில் ஏறினால் கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் சொல்லுங்கள். கட்டையை மட்டும் கையில் எடுக்காதீர்கள். எடுத்த நிமிடத்தில் நிலத்துக்காரர் நீங்கள் இல்லை, குற்றவாளி நீங்கள்தான்.

சிம்மோர் கிணற்றுக்கு வருகிறேன். மூன்று வாரம் கழித்து உத்தரவு வந்தது. கிணறும் அதைச் சுற்றிய பாத்திகளும் அன்றைய தேதியில் லயத்துக்காரர்கள் வசம் இருந்தன, சட்டப்படி வெளியேற்றப்படும்வரை யாரும் தொந்தரவு செய்யக்கூடாது. ஈரக் கயிற்றைப் பற்றிய அந்த வரியும் அதில் இருந்தது. மாஜிஸ்திரேட்டின் அனுமதியோடு பாட்டியையும் மற்றவர்களையும் நிறுத்திவைத்து மெதுவாகச் சொன்னேன். சொல்லி முடித்த பிறகும், வெளியே தாழ்வாரத்தில் பாட்டி என் கையைப் பிடித்தார்.

"தம்பி, செயிச்சோமா, தோத்தோமா?"

"அம்மா, கோர்ட் கிணத்த உங்களுக்குக் குடுக்கல. அவங்களுக்கும் குடுக்கல. நிலம் யாருதுன்னு பெரிய கோர்ட்டுலதான் தீரும். அங்க அவங்க கையில கிராண்ட் இருக்கு. நீங்க போகவேண்டி வரலாம். ஆனா அது வரைக்கும் ஆள் கூட்டிட்டு வந்து யாரும் உங்களைத் தள்ளிவிட முடியாது. நீங்களும் அவங்க மேல கை வைக்கக் கூடாது."

பாட்டி கொஞ்ச நேரம் யோசித்தார். புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டார்.

"அது வரைக்கும் தண்ணி எறைக்கலாமில்ல?"

"எறைக்கலாம்மா."

"அப்ப சரி" என்று படியிறங்கினார். வெளியே வேனில் காத்திருந்தவர்களிடம் அவர் சொன்னதை நான் நின்று கேட்டேன். ஒரு சொல்லும் பிசகாமல் சொன்னார். கையில் கட்டையோடு வந்திருந்த பேரன் அதை வேனுக்கு அடியில் போட்டுவிட்டு ஏறி உட்கார்ந்தான்.